முகமும் நிலைக்களனும்: டார்வினின் யானைகளும் தொல்காப்பியரின் மெய்ப்பாடும்

1. முன்னுரை

மனிதரும் விலங்குகளும் தம் உணர்ச்சிகளை வெளிப்படுத்தும் முறை பற்றிச் சார்ள்ஸ் டார்வின் எழுதிய நூல் 1872ஆம் ஆண்டு நவம்பரில் இலண்டனில் வெளிவந்தது. உணர்ச்சிகளை அறிவியல் நெறியில் ஆராயும் துறைக்கு அடித்தளமிட்ட நூல்களுள் அது ஒன்று. தமிழாய்வு அரங்குகளில் அந்நூல் பேசப்படும்போதெல்லாம் அதனருகே தொல்காப்பியப் பொருளதிகாரத்தின் மெய்ப்பாட்டியலும் வைக்கப்படுவது வழக்கம். இரண்டையும் ஓர் அட்டவணையின் இரு நிரல்களாக நிறுத்தி, இதற்கு இது நிகர் எனக் காட்டி, டார்வின் சொன்னதை நம்மவர் முன்பே சொல்லிவிட்டனர் என்று முடிப்பதே பெரும்பாலும் நாம் கண்டுவந்த முறை. யானும் என் ஆய்வின் தொடக்க காலத்தில் அத்தகைய அட்டவணையொன்றைத் தயாரித்தவன் என்பதை ஒப்புக்கொண்டே இக்கட்டுரையைத் தொடங்குகிறேன்.

அம்முறை இரு நூல்களுக்கும் நீதி செய்யவில்லை என்பதே இங்கு முன்வைக்கப்படும் கருத்து. டார்வின் எழுப்பிய வினா வேறு. மெய்ப்பாட்டியல் எழுப்பிய வினா வேறு. இந்த உடலசைவு ஏன் இவ்வுருவில் அமைந்தது என்பது முன்னதன் வினா. எந்த நிலைக்களனிலிருந்து தோன்றி, யாருக்குப் புலனாகிறது என்பது பின்னதன் வினா. முந்தியவர் யார் என்று பார்ப்பதை விட, ஒரு வினாவின் குறையை மற்றது எங்கே நிரப்புகிறது என்று பார்ப்பதே பயனுடையது. அதற்குரிய சான்று டார்வினின் நூலிலேயே ஓர் அடிக்குறிப்பாகக் கிடக்கிறது. அச்சான்று இலங்கையிலிருந்து சென்றது.

ரொறன்ரோப் பல்கலைக்கழகத்தின் தோமஸ் ஃபிஷர் அரிய நூல் நூலகத்தில் டார்வின் நூல்களின் மிகப் பெரும் தொகுப்புகளுள் ஒன்று உள்ளது. இந்நகரில் வாழும் தமிழாய்வாளர் கடல் கடவாமலே அணுகக்கூடிய செல்வம் அது. அங்கே அமர்ந்து ஆறாம் அதிகாரத்தின் அவ்வடிக்குறிப்பை மீண்டும் படித்தபோது, பழைய அட்டவணையைக் கைவிட வேண்டிய காரணம் தெளிவாயிற்று.

2. டார்வினின் முறையும் அதன் தயக்கமும்

டார்வினுக்கு முன் இத்துறையில் இருவர் பெயர் முதன்மையானது. சார்ள்ஸ் பெல் என்ற உடற்கூற்றியலாளர் 1806இல் ஓவியருக்கென முகபாவங்களின் உடற்கூறு பற்றிய நூலை வெளியிட்டார். மனித முகத்தின் சில தசைகள் உணர்ச்சியை வெளியிடுவதற்கென்றே படைக்கப்பட்டவை என்பது அவர் கொள்கை. பிரெஞ்சு மருத்துவரான டுஷேன், மின்னோட்டத்தால் முகத்தசைகளைத் தனித்தனியே இயக்கி, அவற்றை ஒளிப்படமாக்கி 1862இல் வெளியிட்டார். உதடுகள் மட்டும் விரியும் சிரிப்பையும் கண்ணைச் சூழ்ந்த வட்டத்தசையும் சுருங்கும் உண்மையான சிரிப்பையும் அவர் வேறுபடுத்திக் காட்டினார். அச்சிரிப்பு இன்றும் அவர் பெயரால் வழங்குகிறது.

பெல்லின் கொள்கையை மறுப்பது டார்வினின் நோக்கங்களுள் ஒன்று. தசைகள் உணர்ச்சியைக் காட்டப் படைக்கப்பட்டவையல்ல. முன்பு ஏதோவொரு பயனுக்காக எழுந்த அசைவுகள் பழக்கத்தாலும் மரபாலும் நிலைத்து, பயன் நீங்கிய பின்னும் தொடர்கின்றன என்று அவர் வாதிட்டார். பயனுள்ள பழக்கம், எதிர்மை, நரம்புத் தொகுதியின் நேரடிச் செயல் என மூன்று விதிகளை வகுத்தார். பகைக்கும் நாயின் விறைத்த உடலையும், அன்பு காட்டும் நாயின் குழைந்த உடலையும் அருகருகே வைத்து எதிர்மையை விளக்கினார். அவர் முகத்தை மட்டும் பார்க்கவில்லை என்பதை மனங்கொள்ள வேண்டும். தோள் குலுக்கல், மயிர் சிலிர்ப்பு, குரல், கை, உடல்நிலை அனைத்தும் அந்நூலில் உண்டு. ஆய்வை முகத்துக்குள் ஒடுக்கியவர்கள் அவருக்குப் பின் வந்தவர்களே.

உணர்ச்சி வெளிப்பாடு எல்லா மனிதருக்கும் பொதுவானதா என்று அறிய, 1867இன் தொடக்கத்தில் 16 வினாக்கள் கொண்ட அச்சிட்ட வினாக்கொத்தொன்றை அவர் உலகின் பல பகுதிகளுக்கும் அனுப்பினார். நினைவை நம்பாது நேரிற் கண்டதையே எழுதுமாறு கேட்டுக்கொண்டார். 36 மறுமொழிகள் வந்தன. அவற்றை எழுதியவருட் பலர் சமயப் பணியாளரும் குடியேற்ற அலுவலருமாவர். வினாக்களின் அமைப்பில் ஒரு குறை உண்டு. வியப்பின்போது கண்ணும் வாயும் விரிந்து புருவம் உயர்கின்றனவா என்று வினவினால், விடை வினாவுக்குள்ளேயே அடங்கிவிடுகிறது. மறுமொழி எழுதுபவர் ஆம் என்பதைத் தவிர வேறெதுவும் காணத் தூண்டப்படுவதில்லை. முகம் சிவத்தலை நாணத்தின் அடையாளமாகக் கொண்ட வினாவும் அவ்வாறே. கருநிற மேனியில் நாணம் எப்படித் தெரியும் என்பதை டார்வின் அக்கறையோடு ஆராய்ந்தார். ஆனால் தேடியது அந்தச் சிவப்பையே. தலைவியின் மேனியிற் பரவும் பசலையை வள்ளுவர் ஓர் அதிகாரமாக வைத்த மரபில் வந்தவரிடம் கேட்டிருந்தால், தோலின் நிறமாற்றம் பற்றி வேறொரு விடை கிடைத்திருக்கும்.

எனினும் டார்வின் தம் சான்றுகளைத் தாமே ஐயுற்ற அறிஞர். டுஷேனின் ஒளிப்படங்களை இருபதுக்கு மேற்பட்டோரிடம் விளக்கமின்றிக் காட்டி, இது என்ன உணர்ச்சி என்று கேட்டார். சிலவற்றை ஏறத்தாழ அனைவரும் ஒருமித்து இனங்கண்டனர். வேறு சிலவற்றில் விடைகள் பெரிதும் சிதறின. தாமும் அப்படங்களை முதலில் விளக்கவுரையோடு சேர்த்துப் பார்த்தபோது அவற்றின் உண்மையை வியந்ததாகவும், உரையின்றிப் பார்த்திருந்தால் சிலவற்றிலேனும் மற்றவரைப் போலத் தாமும் குழம்பியிருக்கக்கூடும் என்றும் எழுதினார். முகத்தைப் படிக்க உதவியது முகம் மட்டுமன்று, அருகிலிருந்த சொல்லும்தான் என்ற இந்த ஒப்புதலைப் பின்வந்தோர் போதிய அளவு கவனிக்கவில்லை.

3. பேராதனைக்குச் சென்ற கடிதம்

அழுகையை ஆராயும் அதிகாரத்தில் டார்வின் குழந்தையின் கதறலிலிருந்து தொடங்குகிறார். கதறும்போது கண்ணில் இரத்தம் மிகுதியாகத் தேங்குவதைத் தடுக்கக் கண்ணைச் சூழ்ந்த தசைகள் சுருங்குகின்றன. அச்சுருக்கத்தோடு தொடர்புற்றே கண்ணீர் சுரக்கிறது என்பது அவர் விளக்கம். இதற்காக உத்ரெக்ற் நகரின் கண்ணியல் அறிஞர் டொண்டர்ஸின் உதவியையும் நாடினார். விளக்கம் சரியானால், அழும் விலங்கிலும் அதே தசை சுருங்க வேண்டும். அழும் விலங்கு எது? யானை எனப்பட்டது.

இலங்கையில் குடியேற்றச் செயலாளராயிருந்த எமர்சன் ரெனன்ற், பிடித்துக் கட்டப்பட்ட யானைகள் நிலத்தில் அசைவற்றுக் கிடந்து கண்ணீர் வடித்ததை விவரித்திருந்தார். இலண்டன் விலங்குக் காட்சிச்சாலையின் யானைக் காவலரும், குட்டி அகற்றப்பட்ட போது முதிய பிடியின் கண்ணீர் வழிந்ததைக் கண்டதாக உறுதியளித்தார். டார்வின் இதனைச் சோதிக்க விரும்பிப் பேராதனைத் தாவரவியற் பூங்காவின் இயக்குநரான துவெயிற்ஸுக்கு எழுதினார். அதன் பயனாக கிளெனி என்ற கிறித்தவ குருவானவரிடமிருந்து மறுமொழி வந்தது. அண்மையிற் பிடிபட்ட யானைக்கூட்டம் ஒன்றை அவரும் பிறரும் டார்வினுக்காகக் கவனித்தனர். யானைகள் சினமூட்டப்பட்டபோது உரக்கப் பிளிறின. ஆனால் கண்ணைச் சூழ்ந்த தசைகளைச் சுருக்கவில்லை, கண்ணீரும் வடிக்கவில்லை. யானை அழுவதைத் தாம் கண்டதேயில்லை என்று உள்நாட்டு வேட்டைக்காரரும் கூறினர்.

இங்கே டார்வின் செய்தது கூர்ந்து நோக்கத்தக்கது. வேட்டைக்காரரின் கூற்றுக்காக ரெனன்றின் சாட்சியத்தை அவர் விடவில்லை. பெயர் சுட்டப்பட்ட அலுவலரின் சொல்லுக்கும், வாழ்நாளெல்லாம் யானையோடு பழகிய, பெயர் சுட்டப்படாத மனிதரின் சொல்லுக்கும் ஒரே நிறை தரப்படவில்லை என்பது உண்மை. ஆயினும் இரு தரப்பையும் பொருத்திக் காட்ட அவர் கண்ட வழி வியப்பளிக்கிறது. புதிதாய்ப் பிடிபட்ட யானைகள் சினத்தாலோ அச்சத்தாலோ தம்மைத் துன்புறுத்துவோரைக் கவனிக்க விரும்பியிருக்கும். பார்வை தடைப்படாதிருக்கவே கண்தசைகளைச் சுருக்கவில்லை. ரெனன்ற் கண்ட யானைகளோ போராட்டத்தைக் கைவிட்டு, நம்பிக்கை இழந்து வீழ்ந்து கிடந்தவை. காட்சிச்சாலையில் ஏவலுக்குப் பிளிறிய யானைகளுக்கு அச்சமும் இல்லை, சினமும் இல்லை. ஆகவே அவற்றின் தசைகள் சுருங்கின.

ஒரே விலங்கு, ஒரே பிளிறல், ஒரே தசை. ஆனால் மூன்று நிலைமைகள், மூன்று வெளிப்பாடுகள். டார்வினின் பொது விதி தடுமாறிய இடத்தில் அதனைக் காத்தது நிலைமை பற்றிய அறிவு. அந்த அறிவு நூலின் உடலுக்குள் ஒரு விதியாக ஏறவில்லை, அடிக்குறிப்பிலேயே தங்கிவிட்டது. நம் உரையாசிரியர்களுக்கு அடிக்குறிப்பல்ல, அதுவே தலைப்பொருள்.

4. மெய்ப்பாட்டியலின் வினா

தொல்காப்பியர் மெய்ப்பாடுகளை எட்டாக வகுத்தார் என்பது யாவரும் அறிந்தது. நகையும் அழுகையும், இளிவரலும் மருட்கையும், அச்சமும் பெருமிதமும், வெகுளியும் உவகையும் அவை. ஒப்பீட்டு ஆய்வுகள் பெரும்பாலும் இப்பட்டியலோடு நின்றுவிடுகின்றன. ஆனால் இயலின் உயிர் அடுத்த படியில் இருக்கிறது. ஒவ்வொரு மெய்ப்பாட்டுக்கும் நான்கு நிலைக்களன்கள் கூறப்படுகின்றன. அச்சம் தெய்வத்தாலும் விலங்காலும் கள்வராலும் தம் தலைவராலும் வரும். வெகுளி உறுப்பு அறுக்கப்படுதல், குடி நலிவுறுதல், அலைக்கப்படுதல், கொலை ஆகியவற்றால் வரும். அழுகை இழிவு, இழவு, அசைவு, வறுமை என்பவற்றால் வரும். எட்டு உணர்ச்சிகளின் பெயரைக் கற்றவன் மெய்ப்பாட்டியலைக் கற்றவனல்லன். முப்பத்திரண்டு நிலைக்களன்களையும் அறிந்தவனே கற்றவன்.

அழுகையின் நிலைக்களன்களுள் அசைவு என்பதற்கு முன்னைய நன்னிலை கெட்டு வருந்துதல் என்று பொருள் கொள்வர். கட்டுண்டு, எதிர்ப்பைக் கைவிட்டுக் கிடந்த யானையைப் பற்றி டார்வின் அடிக்குறிப்பில் எழுதியது இந்த அசைவையே. நின்று எதிர்த்த யானையிடம் அவர் கண்டது வெகுளியும் அச்சமும். இச்சொற்கள் அவரிடம் இருந்திருந்தால் அடிக்குறிப்பு அதிகாரமாயிருக்கும் என்று சொல்வது மிகையாகலாம். ஆனால் இந்த வேறுபாட்டை அவர் செய்யவேண்டி வந்தது என்பதில் மிகையில்லை.

இரண்டாவது, காண்போர். அஞ்சியவனிடத்து நிகழும் அச்சம் அவன் உடலிற் புறப்பட்டுக் காண்போருக்குப் புலனாகும் தன்மையையே இளம்பூரணர் மெய்ப்பாடு என்று விளக்குகிறார். அதாவது, மெய்ப்பாடு அஞ்சியவனின் உடைமை மட்டுமன்று. பார்ப்பவனின்றி அது நிறைவுறாது. பேராசிரியர் இதனை மேலும் பகுத்தார். சுவைக்கப்படும் பொருள், அதனை நுகரும் பொறியுணர்வு, மனத்திற் பட்டவழி எழும் குறிப்பு, உடலில் வெளிப்படும் விறல் என நான்காக்கி, எட்டோடு உறழ்ந்து முப்பத்திரண்டு என எண்ணிக் காட்டினார். மயிர் சிலிர்த்தல், வியர்த்தல், நடுங்கல், கண்ணீர் வார்தல் போன்றவை விறலின்பாற் படும். இவ்விடத்தில் உரையாசிரியரும் டார்வினும் ஒரே நிகழ்வுகளை உற்றுநோக்கினர் என்பது உண்மையான ஒற்றுமை. ஒருவர் அவற்றின் உடற்றொழிலியற் காரணத்தைத் தேடினார். மற்றவர் அவை எந்தப் பொருளோடு எந்தக் குறிப்போடு இணைந்தவை என்று தேடினார்.

மூன்றாவது, புலன்கள். மெய்ப்பாட்டின் நுண்பொருளைக் கண்ணாலும் செவியாலும் தெளிவாக உணரும் ஆற்றலுடையோர்க்கன்றிப் பிறர்க்கு அறிதல் அரிது என்று இயலை முடிக்கிறார் தொல்காப்பியர். ஓர் இயலின் இறுதியில், இதனைக் கற்றால் எல்லாம் தெரிந்துவிடும் என்று கூறாமல், அறிவதன் அருமையைக் கூறி முடிப்பது ஆசிரியரின் அறிவு நேர்மைக்குச் சான்று. களவின் தொடக்கத்தில் நெற்றி வியர்ப்பதும், எழும் நகையைத் தலைவி மறைப்பதும் குறிக்கப்படுகின்றன. அடுத்த படியில் கூந்தல் விரிதலும், ஒரு காதணியைக் களைதலும், உடையைப் பெயர்த்து உடுத்தலும் வருகின்றன. இவற்றுட் பல முகத்தில் நிகழ்வன அல்ல. கையிலும் அணியிலும் ஆடையிலும் நிகழ்வன. நகை மறைக்கப்படுவதும் ஒரு மெய்ப்பாடாகக் கொள்ளப்படுவதை ஊன்றிக் கவனிக்க வேண்டும். வெளிப்படுவது மட்டுமன்று, வெளிப்படாது அடக்கப்படுவதும் படிக்கத்தக்கது என்பது அதன் பொருள்.

5. நிகர்ப்படுத்தலின் பிழைகள்

அட்டவணை முறை எங்கே பிழைக்கிறது என்பதை இரு எடுத்துக்காட்டுகளாற் காட்டலாம்.

ஒன்று இளிவரல். மேலைநாட்டு உளவியலின் அருவருப்பு என்ற உணர்ச்சிக்கு நேராக இதனை வைப்பது வழக்கமாகிவிட்டது. டார்வின் அருவருப்பைச் சுவையிலிருந்தும் மணத்திலிருந்தும் தொடங்கி, வாயும் மூக்கும் செய்யும் அசைவுகளால் விளக்கினார். இளிவரலின் நிலைக்களன்களோ மூப்பு, பிணி, வருத்தம், மென்மை என்பன. அழுகிய உணவு அவற்றுள் இல்லை. மனிதன் தன் நிலையிலிருந்து தாழ்ந்துபோவதை, தன்னிடமோ பிறரிடமோ காணும்போது எழுவது அது. வாந்தியோடு அதற்கு உறவில்லை; மானத்தோடு உறவுண்டு. டார்வினே தியரா டெல் ஃபியூகோவில் நிகழ்ந்த ஒன்றைக் கூறுகிறார். அவர் உண்ட பதப்படுத்திய இறைச்சியைத் தொட்ட பூர்வகுடி மனிதர் அதன் மென்மையைக் கண்டு அருவருத்தார். தம் உணவை அம்மனிதர் தொட்டதைக் கண்டு, அவர் கை அழுக்காகத் தோன்றாதபோதும், டார்வின் அருவருத்தார். ஒரே தட்டின் முன் இரு அருவருப்புகள். முதலாவது நாவைச் சார்ந்தது. இரண்டாவது மனிதரை மேல் கீழ் என்று நிறுத்தும் மனத்தைச் சார்ந்தது. இவ்விரண்டையும் ஒரே சொல்லால் வழங்கும் மொழி எதனை இழக்கிறது என்பதை இளிவரல் என்ற சொல் நமக்கு நினைவூட்ட வேண்டும். நிகர்ச்சொல்லாக்கி அதனை வெறும் அருவருப்பாக்கினால், நாம் கொடுக்கக்கூடியதை நாமே அழித்துவிடுகிறோம்.

மற்றது வில்லியம் ஜேம்ஸ். 1884இல் அவர் எழுதிய புகழ்பெற்ற கட்டுரையின்படி, நாம் துயருறுவதால் அழுவதில்லை, அழுவதாலேயே துயருறுகிறோம். உடல் மாற்றமே உணர்ச்சி. மெய்யிற் படுவதே மெய்ப்பாடு என்ற சொற்பொருளை மட்டும் கொண்டு, தொல்காப்பியர் ஜேம்ஸுக்கு முன்னோடி என்று சிலர் கருதுவதுண்டு. பேராசிரியரின் நான்கு படிகள் இதற்கு நேர்மாறான வரிசையில் உள்ளன. பொருளும் பொறியுணர்வும் மனக்குறிப்பும் முன், விறல் பின். சொல் ஒத்துவருவதால் கொள்கையும் ஒத்துவிடாது.

இவற்றோடு மெய்ப்பாட்டியலின் எல்லைகளையும் சொல்லியாக வேண்டும். அது செய்யுளியலின் ஒரு பகுதி. உளவியல் நூல் அன்று. குழந்தையையும் விலங்கையும் அருகிருந்து நோக்கி எழுதப்பட்டதன்று. டார்வின் தம் மூத்த மகனைப் பிறந்தது முதல் உற்றுநோக்கி எழுதிய குறிப்புகளை 1877இல் வெளியிட்டார். அத்தகைய கண்ணும் பொறுமையும் நம் மரபில் இலக்கியத்தின் பக்கம் சென்றன, சோதனையின் பக்கம் செல்லவில்லை. தொல்காப்பியத்தின் காலம் பற்றி ஆய்வாளரிடையே கருத்தொருமை இல்லாத நிலையில், முந்தியவர் யார் என்ற வாதம் மணலிற் கட்டிய வீடு. அவ்வீடின்றியே மெய்ப்பாட்டியல் நிற்கும்.

6. ஒளிப்படத்திலிருந்து கணினிக்கு

இருபதாம் நூற்றாண்டில் டார்வினின் வினாவைப் புதுப்பித்தவர் போல் எக்மன். 1960களின் பிற்பகுதியில் அவரும் உடன் ஆய்வாளரும் பப்புவா நியூகினியின் ஃபோரே மக்களிடையே முகப்படங்களைக் காட்டி ஆய்ந்தனர். மகிழ்ச்சி, சினம், துயர், அருவருப்பு, வியப்பு, அச்சம் ஆகிய ஆறும் பொதுமையானவை என்ற கொள்கை அதிலிருந்து வலுப்பெற்றது. 1978இல் முகத்தசை அசைவுகளைக் குறியீடுகளாக்கும் முறையொன்றையும் அவர்கள் வெளியிட்டனர். பெருமிதத்துக்கு அவ்வாறு பட்டியலில் இடமில்லை என்பதை நம்மவர் குறையாகச் சொல்வர். எனக்கு முக்கியமாகத் தோன்றுவது வேறு. ஃபோரே மக்களிடம் படத்தோடு ஒரு சிறு கதையும் சொல்லப்பட்டது. பிள்ளையை இழந்த ஒருவரின் கதையைக் கேட்டு, அதற்குரிய முகத்தை அவர்கள் தெரிந்தனர். முகம் தனியே பேசும் என்று நிறுவ முனைந்த ஆய்வுக்கும் இழவு என்ற நிலைக்களன் தேவைப்பட்டது.

விடைச் சொற்களை முன்கூட்டியே கொடுத்துத் தெரியச் சொல்லும் முறை ஒருமைப்பாட்டைச் செயற்கையாக மிகுவிக்கிறது என்று, அப்போது வன்கூவரில் பணியாற்றிய ஜேம்ஸ் ரசல் 1994இல் விரிவாக வாதிட்டார். 2000இல் அகல்யா ஹெஜ்மாடியும் உடன் ஆய்வாளரும் நாட்டிய மரபைச் சார்ந்த பத்து உணர்ச்சி வெளிப்பாடுகளை அசையும் படங்களாக இந்தியரிடமும் அமெரிக்கரிடமும் காட்டினர். வீரமும் நாணமும் அவற்றுள் அடங்கின. இரு சாராரும் தற்செயலை விடச் சிறப்பாகவே இனங்கண்டனர். கையும் உடலும் காலமும் திரும்பச் சேர்க்கப்பட்டபோது பட்டியல் ஆறுக்குள் அடங்கவில்லை. ரொறன்ரோவிற் பிறந்த லிசா ஃபெல்ட்மன் பரெற்றும் வேறு நால்வரும் 2019இல் வெளியிட்ட மதிப்பாய்வு, முக அசைவை மட்டும் கொண்டு ஒருவரின் உணர்ச்சியை நம்பகமாக ஊகிக்க இயலாது என முடிவு செய்தது. இருந்தும், முகத்தைப் பார்த்து உணர்ச்சியைச் சொல்வதாகக் கூறும் கணினிகள் சந்தைக்கு வந்துவிட்டன. பணியிடங்களிலும் கல்வி நிலையங்களிலும் அவற்றைப் பயன்படுத்துவதை, மருத்துவமும் பாதுகாப்பும் சார்ந்த விலக்குகளோடு, ஐரோப்பிய ஒன்றியத்தின் 2024ஆம் ஆண்டுச் சட்டம் தடை செய்தது. பழைய வினாக்கொத்தின் குறை இயந்திரத்துக்குள் குடிபுகுந்திருக்கிறது என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டியதில்லை.

7. ஒரு விசாரணை அறை

இவ்வாய்வு எனக்கு நூலகத்தில் மட்டும் எழுந்ததன்று. 1990களின் தொடக்கத்தில் இந்நகரில் தமிழ் அகதிக் கோரிக்கையாளர் சிலருக்கு உரைபெயர்ப்பாளனாக இருந்தேன். ஒரு நாள், வடபகுதிக் கிராமமொன்றிலிருந்து வந்த முதிய தாயொருவர் தம் மகன் இறந்த நாளைப் பற்றிக் கூறிக்கொண்டிருந்தார். குரலில் ஏற்ற இறக்கமில்லை. இறுதியில் அவர் உதட்டில் மெல்லிய சிரிப்பொன்று தோன்றியது. எதிரே அமர்ந்திருந்தவர் கடுமையின்றியே கேட்டார்: மகனின் சாவைச் சொல்லும்போது இவர் ஏன் சிரிக்கிறார்? வினாவை மொழிபெயர்த்தேன். அத்தாய் என்னைப் பார்த்து, "வேற என்னத்தைச் செய்யிறது, தம்பி" என்றார். அச்சொற்களை ஆங்கிலத்தில் தந்தேன். சொற்கள் போய்ச் சேர்ந்தன. பொருள் சேர்ந்ததாகத் தெரியவில்லை. விளக்கம் சொல்வது என் பணியன்று. நான் சொல்லவில்லை.

அந்தச் சிரிப்பு நகையின் நான்கு நிலைக்களன்களில் எதனுள்ளும் அடங்காது. எள்ளலுமன்று, பேதைமையுமன்று. தசையால் அது நகை, நிலைக்களனால் அழுகை. இழவும் அசைவும் ஒருங்கே கூடிய அழுகை. தொல்காப்பியத்தில் இதற்கென்று தனி நூற்பா இல்லை. நகையை மறைப்பது அங்கே கூறப்பட்டது. நகையால் மறைப்பது கூறப்படவில்லை. ஆயினும் எப்படிக் கேட்கவேண்டும் என்பதை இயல் கற்றுத் தருகிறது: முகத்தை மட்டும் பார்க்காதே, எங்கிருந்து வந்தது என்று கேள், செவியையும் திற, காண்பவனாகிய நீ யார் என்பதையும் கணக்கில் எடு. எதிரே அமர்ந்திருந்தவர் தீயவரல்லர். அகதிக்கும் அவருக்கும் இடையே உலகப் பொதுவான ஒரு முகமொழி உண்டென்று நம்பியவர். கோரிக்கையாளரின் தோற்றத்தையும் நடத்தையையும் கொண்டு அவர் சொல்லின் நம்பகத்தை அளப்பதன் ஆபத்தைச் சட்ட அறிஞரும் உளவியலாரும் பின்னர்ப் பலவாறு சுட்டிவந்துள்ளனர்.

திருக்குறளில் குறிப்பறிதல் என்ற தலைப்பு இரு அதிகாரங்களுக்கு உண்டு: பொருட்பாலில் 71, காமத்துப்பாலில் 110. அவையிலும் காதலிலும் தேவைப்படுவது ஒரே பெயருடைய திறன். முகம் உள்ளத்தைப் பளிங்கு போலக் காட்டும் என்ற உவமையை மட்டும் எடுத்துக்கொண்டு, வள்ளுவர் முகவியலார் என்போரும் உளர். பளிங்கு தன்னை அடுத்திருப்பதையே காட்டுகிறது. அடுத்திருப்பது எது என்று அறியாமற் பளிங்கை மட்டும் ஆராய்பவனுக்கு என்ன தெரியும்?

8. முடிவுரை

டார்வினுக்குத் தமிழர் காட்டக்கூடிய மதிப்பு, அவர் நமக்குப் பிந்தியவர் என்று நிறுவுவதன்று. அவர் அடிக்குறிப்பில் விட்டுச் சென்றதை மேலெடுத்து வருவதே. தசையின் வரலாற்றை அவர் சொன்னார். அதனை மெய்ப்பாட்டியல் சொல்லாது. நிலைக்களனையும் காண்போரையும் மெய்ப்பாட்டியல் சொன்னது. அவற்றை அவர் இலங்கை யானைகளின் முன்னிலையில் ஒருமுறை தொட்டுவிட்டுச் சென்றார். எட்டுக்கு ஆறு என்று எண்ணிக்கை ஒப்பிடுவதை விடுத்து, முப்பத்திரண்டு நிலைக்களன்களையும் உரையாசிரியர் விளக்கங்களோடு உளவியலாருக்கும், உரைபெயர்ப்பாளருக்கும், மருத்துவருக்கும் பயன்படும் வகையில் நல்ல ஆங்கிலத்திலும் பிரெஞ்சிலும் பெயர்ப்பது புலம்பெயர் தமிழாய்வின் அடுத்த பணியாக வேண்டும். இளிவரலை அருவருப்பென்று பெயர்க்காதிருப்பது அதன் முதற்படி.

இன்னொரு பணியும் உண்டு. யானை அழுவதைக் கண்டதில்லை என்று சொன்ன அந்த வேட்டைக்காரரின் சாட்சியம் அலுவலரின் சாட்சியத்தின் முன் நிறை குறைந்தது. மகன் இறந்ததைச் சொன்ன தாயின் சாட்சியமும் ஒரு சிரிப்பால் ஐயத்துக்குள்ளாயிற்று. யாருடைய கண் நம்பப்படுகிறது, யாருடைய முகம் ஐயுறப்படுகிறது என்ற வினா உணர்ச்சியியலுக்கு வெளியே உள்ளதன்று. காண்போரையும் மெய்ப்பாட்டுக்குள் வைத்துப் பேசிய ஒரு மரபின் வழிவந்தவர்கள் அந்த வினாவைக் கேட்கத் தகுதியும் கடமையும் உடையவர்கள்.